பூனைக்கு வலி மருந்தும் பூச்சி மருந்தும்: சேர்த்துக் கொடுக்கலாமா?

"டாக்டர், நேத்துதான் கழுத்துல சொட்டு மருந்து விட்டேன். இன்னைக்கு நொண்டுது. வலி மருந்து கொடுக்கலாமா?"

இந்தக் கேள்வி அடிக்கடி வரும். இரண்டும் உள்ளே போய் ஒன்றோடொன்று மோதுமோ என்று பயம். பெரும்பாலும் மோதாது. செலமெக்டின், ஃபிப்ரோனில் போன்ற பூனைக்கான சொட்டு மருந்து விட்டிருக்கும்போதே, மெலாக்சிகாம் என்ற வலி மருந்தை எடை பார்த்து அளந்து கொடுத்திருக்கிறேன். ஃப்ளுரலனர் என்ற இன்னொரு பூச்சி மருந்து ரத்தப் புரதத்தோடு இறுக்கமாக ஒட்டிக்கொள்ளும். வலி மருந்துகளும் அப்படித்தான். இடத்துக்குப் போட்டி வருமோ என்று நாயின் பிளாஸ்மாவில் கார்புரோஃபென் என்ற வலி மருந்தோடு சேர்த்துச் சோதித்தபோது பிணைப்பு குறையவில்லை.

ஆபத்து பெரும்பாலும் மூன்றாவதாக ஒரு மருந்திலிருந்து வருகிறது. நம்மிடம் சொல்ல மறந்த மருந்து அது.

போன மழைக்காலத்தில் ஓர் அம்மா ஆறு வயதுப் பெண் பூனையைக் கட்டைப்பையில் வைத்துத் தூக்கிக்கொண்டு வந்தார். நான்கு கிலோ. மதிலில் இருந்து குதித்து முன்னங்காலை ஊன்றாமல் இருந்ததாம். வீட்டு நாய்க்கு வாங்கிய மெலாக்சிகாம் சிரப் மிச்சம் இருந்திருக்கிறது. மூன்று நாள் கொடுத்திருக்கிறார். இப்போது காப்பித்தூள் கரைத்த மாதிரி வாந்தி, தார் போலக் கறுப்பாக மலம்.

"வேற ஏதாவது மருந்து போட்டீங்களாம்மா?"

"ஒண்ணும் இல்ல டாக்டர். பத்து நாள் முன்னாடி அரிப்புக்கு வேற ஒரு இடத்துல ஊசி போட்டாங்க, அவ்வளவுதான்."

அந்த 'அவ்வளவுதான்' நீண்ட நாள் வேலை செய்யும் ஸ்டீராய்டு. ஒரு ஊசி வாரக்கணக்கில் உடம்பில் நிற்கும். அது இருக்கும்போது மெலாக்சிகாம் கொடுத்தால் இரைப்பை, குடல் சுவரைக் காக்கும் ஏற்பாடு இரண்டு பக்கமும் அடிபட்டுப் புண்ணாகிவிடும். அளவும் தவறியிருந்தது. பூனைக்கான சிரப்பில் ஒரு மில்லிக்கு 0.5 மில்லிகிராம், நாய்க்கானதில் 1.5. பூனைக்குத் தினசரி அளவு கிலோவுக்கு 0.05 மில்லிகிராம், நான்கு கிலோவுக்குப் பூனை சிரப்பில் 0.4 மில்லி. அதே 0.4 மில்லியை நாய் பாட்டிலில் எடுத்தால் மும்மடங்கு. மனிதர்களின் 7.5 மில்லிகிராம் மாத்திரை என்றால் முப்பத்தேழு மடங்கு, கணக்குப் போட்டுப் பாருங்கள்.

வாலடியில் முடியை விலக்கினேன். மிளகுத்தூள் போலக் கறுப்பாக இருந்தது. ஈரப் பஞ்சில் தட்டியதும் செம்பழுப்பாகக் கரைந்தது. தெள்ளுப்பூச்சியின் எச்சம், அதாவது பூனையின் சொந்த ரத்தம்தான். அரிப்பை அடக்க ஊசி போட்டார்கள். அரிக்க வைத்த பூச்சியை யாரும் தொடவில்லை.

மெலாக்சிகாமைத் திரும்பத் திரும்பக் கொடுத்தால் பூனைக்குத் திடீர்ச் சிறுநீரகச் செயலிழப்பும் மரணமும் நேரலாம் என்று அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ 2010இல் மருந்துக் குறிப்பில் கட்டம் கட்டிய எச்சரிக்கை சேர்த்தது. ஐரோப்பாவில் குறைந்த அளவில் நீண்ட நாள் கொடுக்க அனுமதி உண்டு. என் அனுபவத்தில் விஷயம் தண்ணீரில் இருக்கிறது. வாந்தி, பேதி, சாப்பிடாமை என்று வறண்டு கிடக்கும் பூனைக்கு வலி மருந்தே தர மாட்டேன், முதலில் டிரிப்ஸ். வயதான பூனை என்றால் சிறுநீரக நிலையைக் காட்டும் கிரியேட்டினின் அளவை ரத்தத்தில் பார்க்காமல் கை வைப்பதில்லை.

சேர்ப்பதா வேண்டாமா என்று யோசிக்கவே இடமில்லாமல், பூனைக்குத் தரவே கூடாதவை இரண்டு. பாராசிட்டமால்: அதைப் பிரித்து வெளியேற்றும் கல்லீரல் வழி பூனைக்குக் கிட்டத்தட்ட இல்லை. கிலோவுக்கு 10 மில்லிகிராமிலேயே விஷம் ஏறியதுண்டு. ஈறு சாக்லேட் நிறமாகும், முகமும் பாதமும் வீங்கும். அடுத்தது பெர்மெத்ரின் என்ற பூச்சிக்கொல்லி கலந்த நாய்ச் சொட்டு மருந்து. 'பாதி விட்டால் பூனைக்குச் சரியாக இருக்கும்' என்று கடையில் சொன்னாலும் கேட்காதீர்கள். உடல் உதறும், வலிப்பு வரும். நாய்க்கு விட்டால்கூட 72 மணி நேரம் பூனையை அதன் பக்கத்தில் படுக்க விடாதீர்கள். ஏற்கெனவே பட்டுவிட்டதா? வெதுவெதுப்பான நீரில் பாத்திரம் கழுவும் லிக்விட் போட்டுக் கழுவி, துடைத்து, உடனே ஆஸ்பத்திரிக்கு.

வலி மருந்து, பூச்சி மருந்து இரண்டும் தேவைப்பட்டால் நான் இரண்டு மூன்று நாள் இடைவெளி விடுவேன். சொட்டு மருந்து ஒரு மாதம் உடம்பில் இருக்கும், அதனால் பெரிய மருந்தியல் காரணம் ஒன்றும் இல்லை. ஒரே நாளில் கொடுத்து மறுநாள் வாந்தி எடுத்தால் எதை நிறுத்துவது என்று தெரியாது, அதற்காகத்தான். குடற்புழு மாத்திரைக்கும் இதே கணக்கு. அது கசந்து நுரை தள்ளினாலே பலர் விஷம் என்று பதறி ஓடி வருவார்கள்.

அந்தப் பெண் பூனைக்கு வலி மருந்தை நிறுத்தி, டிரிப்ஸும் இரைப்பைப் புண்ணுக்கான மருந்தும் போட்டோம். நான்காம் நாள் மீன் நக்கியது. அதன் பிறகுதான் பிடரியில் சொட்டு மருந்து விட்டேன். போகும்போது அந்த அம்மா நாய் சிரப் பாட்டிலை என் மேஜையிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டார்.