உதவி இயக்குநர்

நம்மூரில் ‘அசிஸ்டென்ட் டைரக்டர்’ என்றால் நாளைய இயக்குநர். கதை விவாதத்தில் உட்கார்ந்து, கிளாப் அடித்து, கன்டினியூட்டி (காட்சிக்குக் காட்சி உடையும் பொருளும் மாறிவிடாதபடி வைக்கும் குறிப்பு) எழுதி, ஒருநாள் சொந்தக் கதையோடு தயாரிப்பாளர் வீட்டு வாசலில் நிற்பவர். பிரிட்டனில் அதே பெயருக்கு வேலை வேறு.

டேவிட் டோம்ப்ளினை (1930–2005) எடுத்துக்கொள்ளுங்கள். ‘தி பிரிசனர்’ (1967–68) தொலைக்காட்சித் தொடரின் தயாரிப்பாளர் அவர். முதல் பகுதியை இன்னொருவரோடு சேர்ந்து எழுதினார், சில பகுதிகளை இயக்கவும் செய்தார். அதற்குப் பிறகும் பெரிய படங்களில் ‘ஃபர்ஸ்ட் அசிஸ்டென்ட்’ ஆகவே வேலை பார்த்தார். நம்மூர்க் கணக்கில் இது இறக்கம். அங்கே அப்படி இல்லை, அது தனித்தொழில். எந்தக் காட்சியை எந்த நாளில் எடுப்பது என்று அட்டவணை போடுவதும், தளத்தை நேரத்துக்கு ஓட்டுவதும், கூட்டத்தை நகர்த்துவதும், எல்லார் பாதுகாப்பையும் பார்ப்பதும் ஃபர்ஸ்ட் அசிஸ்டென்டின் பொறுப்பு. தளத்தை அமைதியாக்கி ‘டர்ன் ஓவர்’ என்று குரல் கொடுப்பவர் அவர்தான். கேமராவும் ஒலியும் ஓடத் தொடங்கி, கிளாப் அடித்த பிறகுதான் இயக்குநரின் ‘ஆக்‌ஷன்’.

ரிச்சர்ட் அட்டன்பரோவின் ‘காந்தி’ படத்திலும் இந்தப் பொறுப்பு டோம்ப்ளினுடையது. இறுதி ஊர்வலக் காட்சியை 1981 ஜனவரி 31 அன்று டெல்லி ராஜபாதையில் எடுத்தார்கள். ஏறத்தாழ 3 லட்சம் பேர், 11 கேமராக் குழுக்கள். திரையில் வந்தது இரண்டு நிமிடம் சொச்சம். கூட்டம் கலைந்தால் மறுநாள் திரும்பக் கூட்ட முடியாது. அப்படிப்பட்ட நாளில் தளத்தை நடத்துகிறவருக்கு ‘உதவி’ என்ற அடைமொழி கொஞ்சம் சிறிசுதான்.

சரி, ‘ஃபர்ஸ்ட் அசிஸ்டென்ட் டைரக்டரை’த் தமிழில் எப்படிச் சொல்வது? ‘அசிஸ்டென்ட்’ என்ற ஆங்கிலச் சொல்லின் வேர் இலத்தீன்: ‘அசிஸ்டெரே’, அருகில் நிற்பது. நாம் ‘துணை நிற்பது’ என்கிறோமே, அதேதான். ‘துணை இயக்குநர்’ என்பதே வேருக்கு நெருக்கம். ஆனால் அரசு அலுவலகங்களில் உதவி, துணை, இணை என்று படிநிலை உறுதியாகிவிட்டது. இனி மாற்றினால் குழப்பமே மிஞ்சும். ‘ஃபர்ஸ்ட்’ என்பதை ‘முதல்’ என்று போட்டாலும் வம்பு: ‘முதல் உதவி இயக்குநர்’ என்று படித்தால் கையில் பஞ்சும் டிங்சரும் வைத்திருப்பவர் நினைவுக்கு வருகிறார்! என் தேர்வு ‘முதன்மை உதவி இயக்குநர்’. வேலையைச் சொல்ல வேண்டுமென்றால் ‘படப்பிடிப்புத் தள மேலாளர்’ என்று விளக்கம் சேர்க்கலாம்.

‘டைரக்டர்’ என்பதன் வேருக்கு ‘நேர்ப்படுத்துதல்’ என்று பொருள். அந்த வகையில் இலங்கைத் தமிழர் வழங்கும் ‘நெறியாளர்’ நம் ‘இயக்குநரை’விடப் பொருத்தம். எனக்கு அதில் சிறு பொறாமை உண்டு.

எழுத்து பற்றி ஒன்று. ‘இயக்கு’ என்ற வினையோடு ‘நர்’ சேர்ந்தால் இயக்குநர். ஓட்டுநர், பெறுநர் போல. ‘உறுப்பு’ போன்ற பெயர்ச்சொல்லோடு ‘இனர்’ சேர்ந்தால்தான் உறுப்பினர். ஆகவே போஸ்டர்களில் காணும் ‘இயக்குனர்’ பிழை.