சப்பாத்தை இறக்கத்தில் போட்டுப் பாருங்கள்

கடைக்குள், ஏர்கோன் காற்றில், வழவழப்பான தரையில் பத்தடி நடந்து பார்த்தால் எல்லாச் சப்பாத்தும் நல்ல சப்பாத்துதான். மலையேறும் சாமான் விற்கிற நானே இதைச் சொல்லக் கூடாதுதான். ஆனால் கறுத்துப்போன கால்நகத்தோடு திரும்பி வந்தவர்களை நிறையப் பார்த்துவிட்டேன்.

அதனால் மாதம் ஒரு ஞாயிறு பினாங்கில் தண்ணீர்மலைப் பக்கம் மேசை போடுகிறோம். தாவரவியல் பூங்காவிலிருந்து கொடிமலைக்கு ஏறும் ஜீப் சாலை சுமார் 5 கிலோமீட்டர்; நல்ல செங்குத்து. சப்பாத்து, முதுகுப்பை, ஊன்றுகோல், எது வேண்டுமோ எடுத்துப் போய் நடந்து பார்க்கலாம். முன்பணம் கிடையாது. போட்டு வந்த சப்பாத்தை விட்டுப் போனால் போதும், அதுதான் பிணை. (குரங்குகள் அதைச் சீண்டுவதில்லை. எங்கள் பசியாறல் பொட்டலத்தின் மேல்தான் அவற்றுக்குக் கண்.)

போன மாதம் ஓர் அக்கா 38ஆம் அளவுதான் வேண்டும் என்று நின்றார். சரி, போய் வாருங்கள் என்றேன். முக்கால் மணி நேரத்தில் திரும்பினார்.

"ஏறுறப்ப சொகுசா இருந்துச்சு தம்பி. இறங்குறப்ப பெருவிரல் போய் முட்டுது."

காலுறையைக் கழற்றினால் விரல்நுனி சிவந்திருந்தது. நடக்க நடக்கக் கால் வீங்கும். இறக்கத்தில் பாதம் முன்னால் சரியும். விரலுக்கு முன்னால் ஒரு கட்டைவிரல் அகலமாவது இடம் வேண்டும். 39 கொடுத்தேன். கணுக்கால் பக்கத்துக் கடைசித் துளையிலும் கயிற்றைக் கோத்து, குதிகால் நகராதபடி இறுக்கிவிட்டேன். மறுபடி இறங்கிப் பார்த்துவிட்டு வந்து உட்கார்ந்தவர் விரலைப் பற்றிப் பேசவே இல்லை, தண்ணீர்தான் கேட்டார்.

முதுகுப்பையும் அப்படித்தான். காலிப் பையை மாட்டிக் கண்ணாடி பார்ப்பதில் ஒன்றும் தெரியாது. நாங்கள் ஒன்றரை லிட்டர் தண்ணீர் போத்தல் நான்கைப் போட்டுத் தருகிறோம், 6 கிலோ. முதலில் இடுப்புவாரை இடுப்பெலும்பின் மேல் கட்டுங்கள், அப்புறம்தான் தோள்வார். பலர் வாரை வயிற்றில் கட்டிக்கொண்டு தோள் வலிக்கிறது என்கிறார்கள்.

வீட்டில் பழைய சப்பாத்து இருந்தால் அதையும் கொண்டுவாருங்கள். அடிப்பாகத்தின் நடு அடுக்கு பாலியூரித்தேனாக இருந்தால், நம் ஊர் ஈரத்தில் அது தானாகவே சிதையும், போடாமல் அலமாரியில் வைத்திருந்தாலும்கூட. விரலால் அழுத்திப் பாருங்கள். விரிசலோ பொடியோ தெரிந்தால் மலைக்கு வேண்டாம். ஒருவர் 'புதுசு மாதிரி இருக்கு' என்று போட்டு வந்தார். மேசைக்கு வருவதற்குள் ஒரு சப்பாத்தின் அடிப்பாகம் முதலை வாய் பிளந்த மாதிரி தொங்கியது. கேபிள் டை இரண்டு போட்டுக் கட்டி வீட்டுக்கு அனுப்பினேன்.