பறக்காத நாளுக்கும் விமானம் காசு கேட்கும்

ஆயில் மாற்றும்போது பழைய ஃபில்டரை அப்படியே தூக்கிப் போட மாட்டேன். தகர உறையை வெட்டி, உள்ளே மடிப்பு மடிப்பாக இருக்கும் காகிதத்தை எடுத்து வெளிச்சத்தில் விரித்துப் பார்ப்பேன். ஹூஸ்டன் பக்கம் ஒரு சிறிய விமானத்தளத்தில் மெக்கானிக் வேலை எனக்கு. போன வருடம் அப்படி விரித்தபோது மடிப்புகளுக்குள் பொடிப்பொடியாக ஏதோ மினுங்கியது. காந்தத்தைக் கிட்டே கொண்டுபோனதும் ஒட்டிக்கொண்டது. இரும்பு. எஞ்சின் வால்வுகளைத் திறக்கும் தண்டான கேம்ஷாஃப்ட் தேய ஆரம்பித்துவிட்டது.

1978ஆம் வருடத்து செஸ்னா 172 அது, நாலு பேர் உட்காரும் சின்ன விமானம். வைத்திருந்தவர் நம்மூர்த் தம்பி. "வருஷத்துக்கு 40 மணி நேரம்தான்ணா ஓட்டுறேன், எப்படித் தேயும்?" என்று கேட்டார். குறைவாக ஓட்டியதுதான் காரணம். லைகோமிங் கம்பெனியின் இந்த எஞ்சினில் கேம்ஷாஃப்ட் மேல்பக்கம் இருக்கிறது. வாரக்கணக்கில் நிறுத்திவைத்தால் ஆயில் வடிந்து கீழே போய்விடும். கடலோர ஈரக்காற்றில் துரு ஏறும். அப்புறம் ஸ்டார்ட் செய்யும்போது அந்தத் துருவே உலோகத்தைத் தேய்க்கும்.

ஒரு மணி நேரம் பறக்க என்ன செலவு என்று அவர் போட்டிருந்த கணக்கு எளிமையானது. மணிக்கு 8 கேலன் பெட்ரோல், கேலன் ஆறரை டாலர், ஆக 52 டாலர். ஆயிலுக்கு இன்னும் 2. சில்லறை ரிப்பேருக்கு 15. மொத்தம் 69 டாலர்.

அவருடைய பில்களையே எடுத்து உட்கார்ந்தோம். ஹேங்கர், அதாவது விமானம் நிறுத்தும் கொட்டகை, அதன் வாடகை மாதம் 400, வருடத்துக்கு 4,800. இன்சூரன்ஸ் 1,800. சட்டப்படி 12 மாதத்துக்கு ஒருமுறை செய்தே ஆகவேண்டிய ஆனுவல் பரிசோதனை 2,500. ரேடாருக்குப் பதில் சிக்னல் அனுப்பும் டிரான்ஸ்பாண்டர் கருவியின் சோதனை, பேட்டரி என்று 500. ஆக 9,600 டாலர். விமானம் ஹேங்கரைவிட்டு வெளியே வராவிட்டாலும் இது போகும். 100 மணி நேரம் பறந்தால் மணிக்கு 96. 40 மணி நேரம் என்றால் 240.

எஞ்சின் கணக்கில்தான் பலர் ஏமாறுகிறார்கள். எஞ்சினை முழுசாகப் பிரித்துப் புதுப்பிக்கும் ஓவர்ஹாலுக்கு 40,000 டாலர் என்று வைத்து, 2,000 மணி நேரத்தால் வகுத்து, மணிக்கு 20 போதும் என்பார்கள். ஆனால் லைகோமிங் சொல்வது 2,000 மணி நேரம் அல்லது 12 வருடம், எது முதலில் வருகிறதோ அது. சொந்த உபயோகத்துக்கு அமெரிக்கச் சட்டம் இதைக் கட்டாயமாக்கவில்லை, சரி. துருவுக்குச் சட்டம் தெரியாதே. வருடம் 40 மணி நேரம் ஓட்டினால் 12 வருடத்தில் 480 மணி நேரம்தான். அப்போது மணிக்கு 83 டாலர் எடுத்துவைக்க வேண்டும்.

69, 240, 83 எல்லாம் சேர்த்தால் அவருக்கு மணிக்கு 392 டாலர். தம்பி கொஞ்ச நேரம் பேசவே இல்லை.

இதை நான் வலியுறுத்துவது பணத்துக்காக மட்டும் இல்லை. கையில் காசு இல்லாதவர்தான் "அடுத்த மாசம் பார்த்துக்கலாம்" என்று எஞ்சினுக்குத் தீப்பொறி கொடுக்கும் மேக்னெட்டோவின் பரிசோதனையைத் தள்ளிப்போடுவார். அப்படி வந்த விமானங்களை நான் திறந்து பார்த்திருக்கிறேன். வயிற்றைக் கலக்கும். எஞ்சினுக்கான பணம் தனி வங்கிக் கணக்கில் இருக்கட்டும். இறங்கிய அன்றே போட்டுவிடுங்கள்.

ஓட்ட நேரம் இல்லாதவர்கள் சும்மா ஸ்டார்ட் செய்து பத்து நிமிடம் ஓடவிட்டு அணைப்பதும் உதவாது. ஆயில் சரியாகச் சூடேறாததால் உள்ளே ஈரம்தான் சேரும். 30 நாளுக்கு ஒருமுறையாவது ஒரு மணி நேரம் முழுசாகப் பறக்க வேண்டும்.

கூடப் பயணிப்பவர்களிடம் செலவைப் பங்கு போடலாமா என்று கேட்பார்கள். தனியார் பைலட் லைசென்ஸில் பெட்ரோல், ஆயில், விமானத்தளக் கட்டணம், வாடகை விமானமென்றால் அந்த வாடகை, இவற்றை மட்டும் பங்கு பிரிக்கலாம். உங்கள் பங்கை நீங்கள் கொடுத்தே ஆகவேண்டும். ஹேங்கரையும் இன்சூரன்ஸையும் அவர்கள் தலையில் கட்ட முடியாது.

அதற்கு வழி, விமானத்திலேயே பங்குதாரர் சேர்ப்பது. தம்பி எஞ்சினை ஓவர்ஹால் செய்தபோது இன்னும் இருவரைச் சேர்த்துக்கொண்டார். இப்போது மாதம் பத்து மணி நேரத்துக்குக் குறையாமல் பறக்கிறது. சென்ற வாரம் ஃபில்டரை வெட்டினேன். மடிப்புகளில் கொஞ்சம் கரி இருந்தது. காந்தத்தில் எதுவும் ஒட்டவில்லை.