துரியம்: சொல்லும் பொருளும்

கனவில் படித்த கணக்கு விழித்த பின்னும் சரியாக வருகிறது. விழிப்பில் விடுபட்டுப்போன வரியை அடுத்த கனவு நிரப்பித் தருகிறது. இப்படி எண்ணையும் கனவையும் நனவையும் ஒன்றாகப் பிணைக்கும் மறைநூல் ஒன்றைக் கதைக்குள் கற்பனை செய்யும் எழுத்தாளர், அதற்குப் பெயர் தேடும்போது 'துரியம்' என்ற சொல்லில் வந்து நிற்பது இயல்பு. 'துரியக் கணிதம்' என்பதே அந்தக் கற்பனை நூலின் பெயர் என்று வைத்துக்கொள்வோம். ஓசையில் குறையில்லாத பெயர். பொருளில் அது பொருந்துமா என்பதைச் சொல்லின் வரலாற்றைக் கொண்டுதான் முடிவு செய்ய வேண்டும்.

துரியம் வடசொல். நான்கு என்னும் பொருளுடைய 'சதுர்' என்பதன் முதலெழுத்து தேய்ந்து 'துரீய' என்றாகி, 'நான்காவது' என்ற பொருளைத் தந்தது. நனவுக்கும் கனவுக்கும் உறக்கத்துக்கும் தனித்தனிப் பெயர் வைத்த மரபு, அவற்றுக்கு அப்பாற்பட்ட நிலைக்கு வரிசை எண்ணையே பெயராக வைத்தது. இந்நிலைகளை விரித்துரைக்கும் மாண்டூக்கிய உபநிடதம் 12 மந்திரங்கள் மட்டுமே கொண்ட சிறு நூல். அது ஓங்காரத்தை அ, உ, ம என்று மூன்று மாத்திரைகளாகப் பிரித்து, முறையே நனவு, கனவு, உறக்கம் ஆகியவற்றோடு இணைத்துவிட்டு, நான்காவதை மாத்திரை அற்றது என்கிறது. மாத்திரை என்றால் அளவு. கண் இமைக்கும் நேரமும் கை நொடிக்கும் நேரமுமே ஒரு மாத்திரை என்று தொல்காப்பியம் வகுத்த அதே அளவு. எண்ணால் பெயர் பெற்ற நிலை எந்த அளவுக்கும் உட்படாது என்று அந்நூல் சொல்வதைக் கணிதத்தில் ஈடுபாடுள்ள எவரும் எளிதில் கடந்துபோக மாட்டார்கள்.

நனவு, கனவு, உறக்கம் ஆகியவற்றை முறையே குறிக்கும் சாக்கிரம், சொப்பனம், சுழுத்தி என்னும் மற்ற மூன்றும் வடசொற்களே. இவற்றில் முதலாவதன் உறவுச்சொல்லான ஜாக்கிரதை, வீட்டு வாசல் பலகை வரை வந்துவிட்டது. சொப்பனம் நெல்லைச் சீமையின் பெரியவர்கள் பேச்சில் இன்றும் வழங்குகிறது. இறந்துபோன தாத்தா சொப்பனத்தில் வந்தார் என்றுதான் சொல்வார்கள். சுழுத்தியும் துரியமும் ஏட்டை விட்டு இறங்கவில்லை.

அந்த ஏட்டு வழக்கை இந்தச் சீமையோடு பிணைத்தவர் மாதவச் சிவஞான முனிவர். பாபநாசத்தை அடுத்த விக்கிரமசிங்கபுரத்தில் முக்களாலிங்கராகப் பிறந்து, திருவாவடுதுறை ஆதீனத்தில் துறவு பூண்டு, சைவ சித்தாந்தத்தின் அடிப்படை நூலான மெய்கண்டாரின் சிவஞானபோதத்துக்கு மாபாடியம் என்னும் பேருரை எழுதி, 1785இல் மறைந்தவர். சிவஞானபோதமும் 12 சூத்திரங்களே கொண்டது. அதன் நான்காம் சூத்திரம், அமைச்சரோடு கூடிய அரசனைப்போல் உயிர் கருவிகளோடு கூடி நின்று 'அஞ்சவத்தை'ப் படும் என்கிறது. அவத்தை என்பது நிலை. துரியத்துக்கும் அப்பால் துரியாதீதம் என்ற ஒன்றைச் சைவ சித்தாந்தம் சேர்ப்பதால் நிலைகள் ஐந்தாயின.

இந்த ஐந்தையும் சித்தாந்திகள் ஒரு கழித்தல் கணக்காகவே அமைத்திருக்கிறார்கள். நனவில் உயிர் நெற்றியில் நின்று 35 கருவிகளோடு தொழிற்படுகிறது: அறியும் பொறிகள் 5, தொழில் செய்யும் பொறிகள் 5, ஓசை முதலிய புலன்களும் பேச்சு முதலிய தொழில்களுமாகப் 10, வாயுக்கள் 10, மனம், புத்தி, அகங்காரம், சித்தம் என்னும் அந்தக்கரணங்கள் 4, நுகர்வோனாக நிற்கும் உயிராகிய புருடன் 1. கனவில் உயிர் கழுத்துக்கு இறங்குகிறது. பொறிகள் 10 கழிந்து 25 எஞ்சுகின்றன. கண் கழிந்துவிட்டது, காட்சி கழியவில்லை. கனவில் கண்ணின்றிக் காண்பது இதனால்தான் என்பது அவர்கள் விளக்கம். உறக்கத்தில் இதயத்தில் மூச்சாகிய பிராணன், சித்தம், புருடன் என்று 3. துரியத்தில் உந்தியில் சித்தமும் நீங்கி 2. துரியாதீதத்தில் மூலாதாரத்தில் புருடன் 1.

இந்தக் கணக்கை நம் கற்பனை நூலின்மீது பொருத்திப் பார்க்கலாம். நாமக்கல் நாமகிரித் தாயார் தன் கனவில் தோன்றிச் சூத்திரங்களை உணர்த்தியதாகக் கணித மேதை இராமானுஜன் கூறியது பலரும் அறிந்ததே. சித்தாந்த முறையில் அது முரணற்ற செய்தி: எண்ணிப் பார்க்கும் மனமும் தீர்மானிக்கும் புத்தியும் கனவிலும் எஞ்சியிருக்கின்றன, எழுதும் கைதான் இல்லை. அதற்காகவே விழிக்க வேண்டியிருக்கிறது. ஆனால் உறக்கத்திலேயே புத்தி விடைபெற்றுவிடுகிறது. மூச்சும் உயிரும் மட்டும் எஞ்சும் துரியத்தில் எதைக் கொண்டு கணக்கிடுவது? மாண்டூக்கியத்தின் வழியே போனாலும் அளவற்றதில் அளவைக்கு இடமில்லை. ஆக, துரியக் கணிதம் என்பது இரு மரபுக்கும் ஒவ்வாத தொடர்.

தமிழில் நேர்ச்சொல் காண முயன்றோர் ஐந்து நிலைகளையும் நனவு, கனவு, உறக்கம், பேருறக்கம், உயிர்ப்படங்கல் என்று பெயர்த்தார்கள். முதல் இரண்டையும் பெயர்ப்பு என்று சொல்வதுகூடத் தகாது. 'நனவென ஒன்றில்லை ஆயின்' என்று தொடங்கும் குறளிலேயே அவை இணையாக நிற்கின்றன. பேருறக்கம்தான் கவனத்துக்குரியது. கருவிகள் ஒவ்வொன்றாகக் கழிய, உயிர் அறியாமைக்குள் இறங்கும் கீழால் அவத்தைக்கு அது மிகப் பொருத்தமான சொல். அதே சித்தாந்தம் திருவருளால் ஆணவம் முதலிய மலம் நீங்கி ஏறும் நின்மல அவத்தையிலும் ஒரு துரியத்தைப் பேசுகிறது. மாண்டூக்கியம் பேசும் வேதாந்தத் துரியமும் தெளிவின் நிலையே. அவ்விடங்களில் பேருறக்கம் என்று எழுதினால் பொருள் தலைகீழாகும். எதிரெதிரான இரு நிலைகளை ஒரே சொல் சுமப்பதை அறியாமல் அகராதியில் கண்ட முதல் சொல்லை எடுத்தாள்வது, படிப்பவருக்குச் செய்யும் தீங்கு என்றே கருதுகிறேன்.

ஏறுமுகத் துரியத்துக்கு 'நான்காம் நிலை' என்று எழுதுவதே என் துணிபு. மூலச்சொல்லின் எண்ணுப்பொருளும் அதில் கெடாமல் இருக்கிறது. செய்யுள் நயம் வேண்டுவோர் 'தூங்காமல் தூங்கி' என்ற பத்திரகிரியார் வாக்கை நினைக்கலாம். நெல்லையப்பர் கருவறைக்கு அருகே பள்ளிகொண்டிருக்கும் நெல்லை கோவிந்தரின் துயிலை வைணவர் அறிதுயில் என்பார்கள். துயிலும்போதே அறிந்திருத்தல் என்ற பொருளால் அது துரியத்துக்கு மிக நெருங்கி வருகிறது. திருமாலுக்கே உரிய சொல்லாக வேரூன்றிவிட்டதால் பொதுச்சொல்லாக ஆள முடியாது.

கணிதத்துக்குக் கணக்கு என்ற சொல் கைவசம் இருக்கிறது. பதினெண்கீழ்க்கணக்கு என்னும் பெயரில் அது நூலைக் குறிக்கிறது. சமயக் கொள்கைகளை எடுத்துரைப்போரை மணிமேகலை சமயக்கணக்கர் என்கிறது. எண்ணும் நூலும் கொள்கையும் ஒரே சொல்லில் அடங்குவதால், கற்பனை நூல் கனவுக்கும் நனவுக்கும் இடையே மட்டும் நடமாடினால் 'கனவுக் கணக்கு' என்றும், எண்கள் முடிவுறும் இடம்வரை படிப்பவரை அழைத்துச் செல்வதானால் 'நான்காம் நிலைக் கணக்கு' என்றும் பெயரிடலாம்.