பனியனில் கோத்த மைக்

பவானியில் ஒரு ஜமக்காளத் தறிக்கூடத்தில் பதினோரு நாள் கேமராவோடு உட்கார்ந்திருந்தேன். கேள்வி கேட்கமாட்டேன், "இன்னொருக்கா செய்யுங்க" என்று சொல்லமாட்டேன், பின்னணிக் குரலோ இசையோ சேர்க்கமாட்டேன். நடப்பதைப் பார்த்துக்கொண்டிருப்பதுதான் என் வகை ஆவணப்படம்.

முதல் மூன்று நாள் எடுத்தது எதற்கும் ஆகாது என்று நினைத்தேன். பெரியவர் சலவை செய்த வெள்ளைச் சட்டையோடு குழித்தறியில் இறங்கினார். குறுக்கு நூலைக் கொண்டுபோகும் நாடாவை எறிகையிலும் கண் லென்ஸிலேயே. நாலாம் நாள் பழைய பனியன். "ஏனுங் தம்பி, ஒண்ணுமே கேக்காம உக்காந்துட்டிருக்கறீங்ளே, சடவா இல்லீங்ளா?" என்றார். அப்பாடா, கேமராவை மறந்துவிட்டார் என்று எனக்கு ஒரே சந்தோஷம்.

ஏழாம் நாள், பனியனில் கோத்த மைக்கோடு டீ குடிக்கக் கொல்லைப்புறம் போனார். நகைக்கடன், மருமகன் என்று மகளிடம் தணிந்த குரலில் பேசியது அத்தனையும் என் ஹெட்போனில் விழுந்தது. முதல் நாளே அவர் கையெழுத்துப் போட்ட ஒப்புதல் தாள் பையில் இருக்கிறது. அதன்படி இதையும் படத்தில் வைக்கலாம். ஹெட்போனைக் கழற்ற எனக்கு அரை நிமிஷம் பிடித்தது. அது நல்ல அரை நிமிஷம் இல்லை. சாயங்காலம் அவரிடம் சொல்லி, அவர் கண் முன்னாலேயே அழித்தேன்.

16 மி.மீ. ஃபிலிம் காலத்தில் 400 அடிச் சுருள் பதினோரு நிமிஷத்தில் தீர்ந்துவிடும். சுருள் மாற்றும்போதாவது, படம் ஓடுகிறது என்று எதிரில் இருப்பவருக்கு உறைக்கும். இன்று மணிக்கணக்கில் நிற்காமல் ஓடுகிறது. கேமரா ஓடுவதைக் காட்டும் சிவப்பு விளக்கின் மேல் கறுப்பு டேப் ஒட்டுகிறவர்களும் உண்டு. நான் ஒட்டுவதில்லை.

இந்த வகைப் படத்தில் பழுத்தவர் அமெரிக்காவின் ஃபிரெடரிக் வைஸ்மேன். மனநோயுள்ள குற்றவாளிகளை அடைத்துவைத்த மாசசூசெட்ஸ் மருத்துவமனையைப் பற்றிய அவரது 1967ஆம் ஆண்டு 'டிடிகட் ஃபாலீஸ்' படத்தை, நோயாளிகளின் அந்தரங்கம் கெடுகிறது என்று நீதிமன்றம் தடுத்தது. பொதுமக்கள் பார்க்க 1991 வரை ஆனது. அங்கே நடந்த கொடுமையை வெளியே காட்டிய படம். அதைத் தடுத்தது தவறு என்பதே என் கட்சி. ஆனாலும் அம்மணமாக நிறுத்தப்பட்ட அந்த மனிதர்களிடம் யார் கேட்டார்கள், அவர்களால் என்ன சொல்லியிருக்க முடியும் என்பது எனக்கு இன்னும் உறுத்துகிறது.

உங்கள் வீட்டுக்கோ பட்டறைக்கோ யாராவது கேமராவோடு வந்தால், எழுந்து போகும்போதெல்லாம் மைக்கைக் கழற்றித் தரச் சொல்லுங்கள். கையெழுத்துப் போட்ட பிறகும் "இது வேண்டாம்" என்று சொல்லலாம் என்பதைத் தாளிலேயே எழுதி வாங்குங்கள். படம் வெளியே போகுமுன் உங்களுக்குப் போட்டுக் காட்டச் சொல்லுங்கள்.

நானும் காட்டினேன். எதை வெட்டச் சொல்வாரோ என்று பயந்துகொண்டிருந்தேன். முடிந்ததும் பெரியவர் கேட்டது இதுதான்: "ஏனுங், நான் வெள்ளச் சட்ட போட்டுட்டு வந்தனே, அதெங்கீங் தம்பி?"

இப்போது படம் வெள்ளைச் சட்டையில்தான் தொடங்குகிறது.