ஒப்பந்தப்புள்ளி: நிலத்துக்கு இந்தச் சொல் பொருந்துமா?

அரசு நிலத்தை விற்கவோ குத்தகைக்கு விடவோ போகிறார்கள் என்றால் வாயில் வருவது 'டெண்டர்'. அறிவிப்பில் அச்சாவது 'ஒப்பந்தப்புள்ளி'. இரண்டும் ஒன்றே என்றுதான் அகராதி சொல்லும். ஆனால் பேச்சில் டெண்டரோடு ஒட்டி வரும் வினைகளைக் கவனியுங்கள். அரசு டெண்டர் விடுகிறது, ஒப்பந்ததாரர் டெண்டர் போடுகிறார், கிடைத்தவர் டெண்டர் எடுக்கிறார். மூலப் பொருளில் டெண்டர் என்பது இவர்களில் ஒப்பந்ததாரர் செய்வது மட்டும்தான். அரசு அதை வரவேற்கும், திறந்து பார்க்கும், ஏற்கும் அல்லது தள்ளும். 'விடுவது' நாம் சேர்த்தது. ஏலம் விட்டும் குத்தகைக்கு விட்டும் பழகிய வாய் டெண்டரையும் விட்டுவிட்டது.

வேர், லத்தீனின் 'டெண்டெரே'. நீட்டுதல் என்று பொருள். பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்து, ஒன்றை முறைப்படி முன்வைத்தல் என்றானது. கடனுக்கு நீட்டினால் வாங்க மறுக்க முடியாத பணத்தை 'லீகல் டெண்டர்' என்பதும் இதே சொல்தான். மென்மையைக் குறிக்கும் டெண்டர் வேறு வேரில் பிறந்தது.

ஒப்பந்தப்புள்ளியில் உள்ள புள்ளி, புள்ளிவிவரத்தில் வரும் அதே புள்ளி: தொகை, கணக்கு. ('பெரிய புள்ளி' வேறு சங்கதி. என்றாலும் டெண்டர் செய்திகளில் இந்த இரண்டு புள்ளிகளும் அக்கம்பக்கமாகவே வருகின்றன.) ஒரு வேலையை என்ன தொகைக்குச் செய்து தருவேன் என்று எழுதிக் கொடுப்பதால் ஒப்பந்தப்புள்ளி. பாலம் கட்டவும் சாலை போடவும் இதைவிடப் பொருத்தமான சொல் கிடைக்காது. தகுதியுள்ளவர்களில் குறைந்த புள்ளி வெல்லும்.

நிலம் என்று வரும்போது எல்லாம் தலைகீழ். இங்கே அரசு வாங்கவில்லை, விற்கிறது. உயர்ந்த தொகைதான் வெல்ல வேண்டும். கட்டப்போகும் வேலை எதுவும் இல்லாத இடத்தில் ஒப்பந்தத்தை முன்னால் வைத்து எழுதுவது இடறுகிறது. சட்டமும் இந்த வேறுபாட்டை அறியும். டெண்டர்களில் வெளிப்படைத்தன்மைக்காகத் தமிழ்நாடு 1998இல் இயற்றிய சட்டம் அரசின் கொள்முதலைப் பற்றியது. பொருள், சேவை, கட்டுமானம் ஆகியவற்றை அரசு வாங்கும் முறையை அது ஒழுங்குபடுத்துகிறது. நிலத்தைக் கொடுப்பதற்கான விதிகளை வேறு சட்டங்களிலும் அரசாணைகளிலும் தேட வேண்டும். 'டெண்டர் சட்டப்படி எல்லாம் நடந்தது' என்று ஒருவர் சொன்னால், எந்தச் சட்டம் என்று கேட்பதில் தவறில்லை.

நிலத்துக்கு 'விலைப்புள்ளி' என்பதே என் தேர்வு. கொட்டேஷனுக்கும் இதையே எழுதுகிறோம் என்பது உண்மைதான், ஆனால் நிலத்தைப் பற்றிய அறிவிப்பில் யாரும் குழம்பப் போவதில்லை. இலங்கையில் விலைமனு என்றும் கேள்விமனு என்றும் எழுதுகிறார்கள். கேள்விமனு என்றதும் நமக்குச் சிரிப்பு வரலாம். ஆனால் ஏலத்தில் விலை சொல்வதை நாமும் 'ஏலம் கேட்பது' என்றுதானே சொல்கிறோம்? சிங்கப்பூரில் வழங்கும் ஏலக்குத்தகையில் இரண்டு முறைகள் ஒன்றாகக் கலந்துவிட்டன. ஏலத்தில் அடுத்தவர் கேட்கும் விலை காதில் விழும். டெண்டரில் விழாது.

ஏலம் போர்த்துக்கீசியர் கொண்டுவந்தது. அவர்களுடைய 'லெய்லாங்' அரபு மொழியில் அறிவிப்பு என்று பொருள்படும் சொல்லிலிருந்து பிறந்தது. ஊரறியச் சொல்வது அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. அதற்கு முன் நம்மிடம் சொல் இல்லாமலும் இல்லை. சோழர் காலக் கல்வெட்டுகளில் கோயில் நிலத்தை ஊரறிய விற்பதற்குச் 'சண்டேசுவரப் பெருவிலை' என்று பெயர். சிவன் கோயில் சொத்தின் பொறுப்பாளராகக் கருதப்பட்ட சண்டேசுவரர் பெயரில் நடக்கும் விற்பனை என்பதால் அப்படி. பழைய நில விற்பனை ஆவணங்களில் 'கொள்வாருளரோ' என்று விற்பவர் முதலில் கூறுவதும், கொள்கிறேன் என்று வாங்குபவர் மறுமொழி கூறுவதும் பதிவாகின்றன. அதன் பிறகுதான் 'எம்மிலிசைந்த விலைப்பொருள்'. அதாவது இருவரும் ஒத்துக்கொண்ட விலை. பெருவிலையை இன்று அரசாணையில் புகுத்த முடியாது; பெரிய விலை என்றே படிப்பார்கள். என்றாலும் பொதுநில விற்பனைக்கு இதைவிடக் கச்சிதமான சொல்லை நான் பார்த்ததில்லை.

மூடிய உறையில் விலை கேட்பதில் ஒளிவுமறைவு எதுவும் இல்லை. குறித்த மணி அடிக்கும்வரை உறை மூடியிருக்க வேண்டும், அடித்த பிறகு வந்தவர்கள் முன்னிலையில் திறந்து தொகையை வாசிக்க வேண்டும். முன்னதாகவே யாருக்காவது தெரிந்துவிட்டாலும், பின்னால் யாருக்கும் தெரியாமல் போனாலும் டெண்டர் கெட்டது. ஆனால் பல சமயம் வேலை உறைக்கு முன்பே முடிந்துவிடுகிறது. ஆளை நிறுத்தி அளவெடுத்துத் தைத்த சட்டை போல நிபந்தனை எழுதிவிட்டால், உறையை எவ்வளவு நேர்மையாகத் திறந்து என்ன பயன்? அவகாசத்தைச் சுருக்குவதும், பக்கத்து மனைக்காரருக்கு மட்டுமே ஒத்துவரும் தகுதியைக் கேட்பதும் இந்த வகைதான்.

எழுதிய நிபந்தனையை ஆளுக்காகத் தளர்த்துவது இதன் மறுபக்கம். பம்பாய் விமான நிலையத்தில் உணவகம் நடத்த டெண்டர் கேட்டபோது, பதிவுபெற்ற இரண்டாம் தர உணவக நடத்துநராக 5 ஆண்டு அனுபவம் வேண்டும் என்று எழுதியிருந்தார்கள். அந்தத் தகுதி இல்லாதவருக்கே கொடுத்தார்கள். அரசு தான் வகுத்த அளவுகோலைத் தானே மீறக் கூடாது என்று 1979இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. தகுதி இல்லை என்று விலகி நின்றவர்களுக்கும் அநீதி நடந்திருக்கிறது, தளரும் என்று தெரிந்திருந்தால் அவர்களும் கேட்டிருப்பார்கள் அல்லவா! ஆனால் வழக்கு தாமதமாக வந்தது போன்ற காரணங்களால் அந்த ஒப்பந்தத்தை நீதிமன்றம் ரத்து செய்யவில்லை. கொள்கை வென்றது, கடை அவரிடமே இருந்தது.

பொதுச் சொத்து எல்லாவற்றையும் ஏலத்தில்தான் விட வேண்டும் என்பதும் இல்லை. இயற்கை வளங்கள் குறித்துக் குடியரசுத் தலைவர் கேட்ட விளக்கத்துக்கு, ஏலம் அரசியலமைப்பின் கட்டாயம் அல்ல என்று 2012இல் அதே நீதிமன்றம் பதில் சொன்னது. பள்ளிக்கோ வீடற்றோர் குடியிருப்புக்கோ குறைந்த விலையில் நிலம் தரலாம். அப்போது அதற்குப் பெயர் ஒதுக்கீடு. யாருக்கு, ஏன், என்ன விலைக்கு என்பதைக் கோப்பில் எழுதியாக வேண்டும். ஒதுக்கீடு செய்துவிட்டு அறிவிப்பில் டெண்டர் என்று எழுதுவதுதான் கூடாது.