ஜெயித்த வழக்கும் ஓராண்டுக் கெடுவும்

சத்துணவு மையத்தில் சமையலராக இருந்து ஓய்வு பெற்ற ஒரு பெண்மணி, உயர் நீதிமன்ற ஆணையைப் பிளாஸ்டிக் உறைக்குள் போட்டு மஞ்சள் பையில் எடுத்து வந்திருந்தார். ஆணை கிடைத்த நாளிலிருந்து 12 வாரத்துக்குள் அவருடைய நிலுவைத் தொகையை வழங்க வேண்டும் என்பது உத்தரவு. ஆணையின் நகலை அலுவலகத்தில் கொடுத்து முத்திரையும் வாங்கியிருந்தார். முத்திரையில் தேதி பளிச்சென்று தெரிந்தது. அதற்குப் பிறகு 17 மாதங்கள் ஓடிவிட்டன. போகும்போதெல்லாம், "கோப்பு மேலே போயிருக்கிறதம்மா, வந்துவிடும்" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். அவரும் நம்பிக் காத்திருந்திருக்கிறார்.

அந்தக் காத்திருப்புதான் பொறி. 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 20ஆம் பிரிவு: அவமதிப்பு, அதாவது இங்கே ஆணையை நிறைவேற்றாமல் விட்டது, நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும். அவருக்கு 12 வாரம் முடிந்த மறுநாளே அந்த ஓராண்டு ஓடத் தொடங்கிவிட்டது. நினைவூட்டுக் கடிதம் எத்தனை எழுதினாலும் கெடு நீளாது. அதிகாரி இழுத்தடித்த ஒவ்வொரு மாதமும் உங்கள் கணக்கில்தான் கழியும்.

ஆகவே தீர்ப்பு வந்ததும் சான்றிட்ட நகல் வாங்கி, ஒரு முகப்புக் கடிதத்துடன், சேர்ந்ததற்கான சான்று கிடைக்கும்படி தபாலில் அனுப்புங்கள். நேரில் கொடுத்தால் தபால் பிரிவில் முத்திரையும் தேதியும் வாங்காமல் நகராதீர்கள். பிரிவு எழுத்தரின் மேசையில் வைத்துவிட்டு வந்தால், "எங்களுக்கு ஆணையே வரவில்லை" என்று பின்னால் பதில் மனுவில் எழுதுவார்கள். கெடு முடியும் தேதியை நாட்காட்டியில் வட்டமிட்டு வையுங்கள்.

அடுத்தது, "மேல்முறையீடு செய்யப் போகிறோம்" என்ற பதில். போகட்டும். மேல்முறையீடு தாக்கல் செய்தாலே தீர்ப்பு நின்றுவிடாது. தடையாணை இருந்தால் மட்டுமே நிற்கும். தடையாணை நகலைக் கேளுங்கள். பெரும்பாலும் இருக்காது. அவமதிப்பு மனுவுக்கு எண் விழுந்த பிறகே மேல்முறையீட்டு நினைப்பு வருகிற அலுவலகங்களும் உண்டு.

எல்லாவற்றிலும் அதிகம் பேர் ஏமாறுவது ஒரு சொல்லில். தீர்ப்பின் கடைசிப் பத்தியைப் படியுங்கள். "வழங்க வேண்டும்" என்று இருக்கிறதா, "மனுவைப் பரிசீலித்து உத்தரவு பிறப்பிக்க வேண்டும்" என்று இருக்கிறதா? இரண்டாவதாக இருந்தால் நீங்கள் ஜெயித்தது பணத்தை அல்ல, ஒரு பதிலை. "பரிசீலிக்கப்பட்டு நிராகரிக்கப்படுகிறது" என்று ஒரு பக்கத்தில் எழுதிக் கொடுத்தாலும் ஆணை நிறைவேறியதாகிவிடும். அதை எதிர்த்துப் புதிதாக ரிட் மனுதான் (அரசின் உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட வேண்டும். "வழங்க வேண்டும்" என்றே உத்தரவு கேட்கும்படி வழக்கு நடக்கும்போதே வழக்கறிஞரிடம் வற்புறுத்துங்கள். கால வரம்பும் கேட்கச் சொல்லுங்கள்.

அவமதிப்பு மனுவில் பதவியை மட்டும் எழுதினால் போதாது, அதிகாரியின் பெயரும் வேண்டும். அந்த நாற்காலியில் இருந்தவர் இதற்குள் மாற்றலாகிப் போயிருப்பார். எந்தத் தேதிகளில் யார் பொறுப்பில் இருந்தார், ஆணை எந்தத் தேதியில் பதிவானது, கோப்பு இப்போது யாரிடம் இருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தில் கேட்கலாம். 30 நாளில் பதில் தர வேண்டும். அது வரவில்லை என்பதற்காக ஓராண்டுக் கெடுவைக் கோட்டை விடாதீர்கள்.

தண்டனை ஆறு மாதம் வரை வெறுங்காவல், அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 1971இல் வைத்த அதே 2,000. அதிகாரியை அசைப்பது இந்தத் தொகை அல்ல, தன் பெயருக்கு வரும் நோட்டீஸ்தான். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், உயர் நீதிமன்றச் சட்டப் பணிகள் குழுவில் இலவச வழக்கறிஞர் கேட்க உரிமை உண்டு.

விசாரணை நாளில் அரசு வழக்கறிஞர் எழுந்து, "ஆணை நிறைவேற்றப்பட்டுவிட்டது" என்பார். மனுவை முடித்துவைக்கச் சம்மதிக்கும் முன், நிறைவேற்றியதாக அதிகாரி பிறப்பித்த உத்தரவின் நகலை வாங்கிப் படியுங்கள். வங்கிப் புத்தகத்தில் தொகை ஏறியிருக்கிறதா, முழுதாக ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டு அப்புறம் தலையாட்டுங்கள்.